பத்து நாள் விடுப்பா, பாதி அதிகாரமா? மேலாளர்கள் கருகத் தொடங்கும்போது எதைத் தேர்ந்தெடுப்பது

திருப்பூரில் ஒரு ஏற்றுமதி பனியன் கம்பெனியில், ஆர்டர்களைக் கவனிக்கும் மெர்ச்சண்டைசிங் அறை. மேசை ஓரத்தில் துணியின் நிறம் பார்க்கும் லைட் பாக்ஸ். டையிங்கிலிருந்து வந்த லேப் டிப் அட்டையையும் (சாயம் போட்ட மாதிரித் துணி ஒட்டியது), ஆர்டர் கொடுத்த வெளிநாட்டு பையர் அனுப்பிய மூலத் துணியையும் அதற்குள் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, பகல் வெளிச்சம், கடை வெளிச்சம், மஞ்சள் வெளிச்சம் என்று ஒவ்வொரு பொத்தானாக அழுத்திப் பார்க்க வேண்டும். அந்தத் துறையின் தலைவருக்குப் பன்னிரண்டு வருட அனுபவம். கொஞ்சம் சிவப்பு ஏறியிருந்தால்கூட ஒரே பார்வையில் சொல்லிவிடுவார். அன்றைக்கு நான் எதிரில் உட்கார்ந்திருந்தேன். ஜூனியர் பையன் ஆறு அட்டைகளைக் கொண்டுவந்து நீட்டினான். அவர் லைட் பாக்ஸைப் போடவேயில்லை. டியூப் லைட் வெளிச்சத்தில் ஆறையும் ஒரு புரட்டுப் புரட்டி, ஆறிலும் கையெழுத்துப் போட்டுத் திருப்பிக் கொடுத்தார். "பாத்துட்டீங்களாக்கா?" என்று பையன் தயங்கினான். "எல்லாம் சரியாத்தான் இருக்கும், அனுப்பு" என்றார்.

அவருக்குக் காய்ச்சல் இல்லை. லீவு கேட்கவில்லை. காலை 9 மணிக்கு வந்து இரவு 9 மணிக்குப் போகிற வழக்கமும் மாறவில்லை. வெளியிலிருந்து பார்த்தால் கம்பெனியின் மிக நல்ல மேலாளர். ஆனால் எந்தக் கண்ணை நம்பி அந்த நாற்காலியில் உட்கார வைத்தார்களோ, அந்தக் கண் பார்ப்பதை நிறுத்திவிட்டது.

அன்று சாயங்காலம் முதலாளியிடம் இதைச் சொன்னேன். அவருக்கும் ஏதோ சரியில்லை என்று தெரிந்திருந்தது. இவர் ஒருவரிடம் மட்டுமில்லை, புரொடக்ஷன் மேனேஜர், குவாலிட்டி பார்ப்பவர், ஜி.எம். என்று நான்கைந்து பேரிடமும் அதே தளர்ச்சி. அவர் கேட்டது இதுதான்: "என்னங்க பண்றது? ஆளுக்குப் பத்து நாள் லீவு குடுத்தர்லாமா, கீழ ஒவ்வொரு ஆள் போட்டுத் தர்றதா, இல்ல எல்லாரையும் ஒருக்கா வால்பாறை கூட்டிட்டுப் போயிட்டு வந்தர்லாமா?"

பதினேழு வருடமாகத் திருப்பூர், கோவை வட்டாரக் கம்பெனிகளில் மனிதவள வேலை பார்க்கிறேன். கேள்வி எங்கே போனாலும் இதே மூன்று வழியாகத்தான் வருகிறது. நான்காவதாக ஒன்று உண்டு. அதை யாரும் தாமாகச் சொல்வதில்லை, ஏனென்றால் அதற்குக் கேட்பவரே தன் கையிலிருந்து எதையாவது விட வேண்டியிருக்கும். என் தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான்காவது வழிதான் நிற்கிறது: யார் எதை முடிவு செய்வது என்பதைப் பிரித்து எழுதுவது. விடுப்பும் வேண்டும், ஆனால் குணப்படுத்தும் என்று நம்பிக் கொடுக்கக் கூடாது. எங்கே சுமை குவிந்திருக்கிறது என்று கண்டுபிடிக்கும் சோதனையாகக் கொடுக்க வேண்டும்.

சோர்வும் கருகுதலும்

கருகுதல் என்று நான் சொல்வது பர்ன்அவுட்டைத்தான். அந்தச் சொல்லை 1974-இல் ஆய்வுக் கட்டுரைக்குள் கொண்டுவந்தவர் ஹெர்பர்ட் ஃபிராய்டன்பர்கர் என்ற உளவியலாளர். நியூயார்க்கில் பகலில் தன் தொழிலைப் பார்த்துவிட்டு இரவில் இலவச மருத்துவமனையில் வேலை செய்தவர். கூட உழைத்த தொண்டர்கள் ஒவ்வொருவராகக் கருகுவதைப் பார்த்தார், தானும் கருகினார். சோம்பேறிகளுக்கு இது வருவதில்லை, மனதை முழுக்கப் போட்டு உழைப்பவர்களுக்குத்தான் வருகிறது என்பது அவர் கண்டது. 1981-இல் கிறிஸ்டினா மாஸ்லாக்கும் சூசன் ஜாக்சனும் இதை அளக்க ஒரு வினாத்தாள் செய்தார்கள். அது மூன்று விஷயங்களைத் தனித்தனியாகப் பார்க்கிறது: உள்ளம் வற்றிப்போன களைப்பு, வேலையிடமும் மனிதர்களிடமும் விலகி நிற்கும் வெறுமை, 'நான் செய்து என்ன ஆகப்போகிறது' என்ற கையாலாகாத உணர்வு. உலக சுகாதார நிறுவனம் 2019-இல், நோய்களை வகைப்படுத்தும் தன் ஐ.சி.டி.-11 பட்டியலில் இதே மூன்றையும் வைத்து விளக்கம் எழுதியது. அதில் இதை நோய் என்று சொல்லவில்லை. பணியிடத்தோடு சேர்ந்து வரும் நிகழ்வு, சமாளிக்கப்படாமல் நீண்டுபோன பணி அழுத்தத்தின் விளைவு என்று வகைப்படுத்தியது.

இந்த மூன்றையும் தனித்தனியாகப் பார்ப்பது நமக்கு ரொம்ப முக்கியம். களைப்பு மட்டும் இருப்பவருக்கு உதவுவது வெறுமை வந்தவருக்கு உதவாது. லைட் பாக்ஸைப் போடாமல் கையெழுத்திட்டவர் களைத்திருந்தார், சந்தேகமில்லை. ஆனால் "எல்லாம் சரியாத்தான் இருக்கும்" என்ற அந்த வாக்கியம் களைப்பில் வருவதில்லை. களைத்தவர் "நாளைக்குப் பாக்கறேன்" என்பார்.

மேல்மட்டத்தில் இதைக் கண்டுபிடிப்பது கஷ்டம். தொழிலாளி களைத்தால் பீஸ் குறையும், சனிக்கிழமைக் கூலியில் தெரிந்துவிடும். மேலாளருக்கு அப்படி ஒரு கணக்கு இல்லை. நேரத்துக்கும் கணக்கு இல்லை. 1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் தொழிலாளிக்கு வாரம் 48 மணி நேரம் என்று வரம்பு கட்டியது. மேற்பார்வையிலும் நிர்வாகத்திலும் இருப்பவர்களை அந்த வரம்பிலிருந்து விலக்க அதே சட்டம் வழியும் வைத்தது. உலக சுகாதார நிறுவனமும் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பும் 2021-இல் வெளியிட்ட ஆய்வில், வாரம் 35 முதல் 40 மணி நேரம் உழைப்பவரைவிட 55 மணி நேரமோ அதற்கு மேலோ உழைப்பவருக்குப் பக்கவாத ஆபத்து 35 சதவீதமும், மாரடைப்பு வகை இதய நோயால் இறக்கும் ஆபத்து 17 சதவீதமும் அதிகம் என்று கண்டார்கள். திருப்பூரில் எனக்குத் தெரிந்த ஜி.எம். ஒருவர்கூட வாரம் 55 மணி நேரத்துக்குள் நிற்பதில்லை.

ஒரு குழுவாகப் பார்க்கும்போது நான் கவனிக்கும் முதல் அடையாளம் காலை மீட்டிங்தான். நன்றாக இருக்கும் கம்பெனியில் அந்த மீட்டிங்கில் சண்டை நடக்கும். "துணி நேத்து வரலைன்னா நான் எப்படி இன்னைக்குக் கட்டிங் போடறது?" என்று புரொடக்ஷன் கத்துவார், "நீங்க துணியோட கனத்த மாத்திக் கேட்டா டையிங்ல எப்படிங்க உடனே குடுப்பாங்க?" என்று மறுமுனை திருப்பிக் கொடுக்கும். கருகத் தொடங்கிய குழுவில் இந்தச் சண்டை நின்றுவிடும். எல்லோரும் எல்லாத் தேதிக்கும் "சரிங்க சார்" என்பார்கள். 20 நிமிடத்தில் மீட்டிங் முடிந்ததே என்று முதலாளிக்குச் சந்தோஷமாக இருக்கும். அந்த மௌனத்தைக் கேட்டவுடன் எனக்கு வயிற்றைக் கலக்கும்.

இது மேலேயே நின்றுவிடுவதில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் 2,800-க்கும் மேற்பட்ட மருத்துவர்களிடம் நடந்த ஆய்வு 2015-இல் வெளியானது. நேரடி மேலதிகாரியின் தலைமைப் பண்புக்கு ஒரு மருத்துவர் கொடுத்த மதிப்பெண் ஒன்று கூடினால், அந்த மருத்துவர் கருகியிருக்கும் வாய்ப்பு 3.3 சதவீதம் குறைவாக இருந்தது. மேலே ஒருவர் வெறுமையோடு உட்கார்ந்திருந்தால் கீழே இருபது பேருக்கு அது இறங்கும்.

வால்பாறையும் யோகாவும்

இதை வேகமாகச் சொல்லிக் கடக்கிறேன். பத்து வருடத்துக்கு முன் நானே ஒரு கம்பெனிக்கு இதைச் சிபாரிசு செய்தேன். இரண்டு நாள் மலையில் தங்கல், காலையில் யோகா, ஒரு பேச்சாளர், இரவில் நெருப்பைச் சுற்றிப் பாட்டு. போன ஏழு பேரில் நான்கு பேர் ஃபோனில் சிக்னல் தேடிக்கொண்டே இருந்தார்கள். திங்கட்கிழமை வந்தபோது இரண்டு நாள் மெயில் கூடுதலாக நின்றது, அவ்வளவுதான் வித்தியாசம். அந்தச் சிபாரிசு தவறு. அந்தப் பணத்தையும் நேரத்தையும் வேறு வழியில் செலவிட்டிருக்க வேண்டும்.

என் அனுபவம் மட்டுமில்லை. ஆக்ஸ்ஃபோர்டில் வில்லியம் ஃபிளெமிங் என்ற ஆய்வாளர் பிரிட்டனில் 233 நிறுவனங்களின் 46,336 ஊழியர்களின் தரவைப் பார்த்து 2024-இல் வெளியிட்டார். தியான வகுப்பு, மன உறுதிப் பயிற்சி, நலவாழ்வுச் செயலி போன்றவற்றில் கலந்துகொண்டவர்கள் கலந்துகொள்ளாதவர்களைவிட நன்றாக இருந்ததாகத் தெரியவில்லை. தொண்டு வேலைக்கு வாய்ப்புக் கொடுத்ததில் மட்டும் கொஞ்சம் பலன் தெரிந்தது. யோகாவின் மேல் எனக்குக் குறையில்லை, நானும் செய்கிறேன். ஒருவர் தனக்காகச் செய்துகொள்வது வேறு, கம்பெனி தன் தவறான வேலை அமைப்பை அவருடைய மூச்சுப் பயிற்சியால் சரிசெய்யப் பார்ப்பது வேறு.

கவுன்சிலிங்கை மட்டும் இந்தக் கூடையில் போட்டுவிடாதீர்கள். வாரக்கணக்கில் தூக்கமில்லை, வீட்டில் குழந்தையிடம்கூட மனம் ஒட்டவில்லை, உயிரோடு இருந்து என்ன என்ற எண்ணம் வருகிறது என்றால் அது பர்ன்அவுட்டைத் தாண்டிய இடம். அங்கே வேலைப் பிரிப்புப் பேச்சு எல்லாம் அப்புறம். முதலில் மனநல மருத்துவர். 14416 என்ற அரசு எண்ணில் எந்த நேரமும் இலவசமாகத் தமிழிலேயே பேசலாம். இந்த எண்ணை மேலாளர்கள் அறையிலும் ஒட்டுங்கள். தொழிலாளர் அறிவிப்புப் பலகையில் மட்டும் ஒட்டினால் மேலே இருப்பவர், 'அது நமக்கில்லை' என்று நினைத்துக்கொள்கிறார்.

விடுப்பு

எல்லோருக்கும் முதலில் தோன்றுவது இதுதான். செலவு குறைவு, சொல்லவும் சுலபம், கொடுப்பவருக்கும் நல்ல பெயர். உடம்பு நிஜமாகவே ஓய்வு கேட்கிறது என்பதும் உண்மை. சிக்கல் திரும்பி வரும் நாளில் இருக்கிறது.

1997-இல் மினா வெஸ்ட்மேன், டவ் ஈடன் என்ற இரண்டு இஸ்ரேலிய ஆய்வாளர்கள் ஒரு மின்னணு நிறுவனத்தின் 76 அலுவலக ஊழியர்களை விடுமுறைக்கு முன்னும், விடுமுறையின்போதும், பின்னும் அளந்தார்கள். விடுமுறையில் கருகல் நன்றாகக் குறைந்தது. திரும்பிய மூன்றாம் நாளே கொஞ்சம் ஏறியது. மூன்று வாரத்தில் பழைய இடத்துக்கே வந்துவிட்டது. கொடுத்த விடுப்பு பொய்யில்லை, கிடைத்த நிம்மதியும் பொய்யில்லை. நாற்காலி அப்படியே இருந்தது, அவ்வளவுதான்.

நாற்காலியும் சேர்ந்து மாறினால் என்ன நடக்கும் என்பதற்கு உலகமே பார்த்த ஓர் உதாரணம் உண்டு. பிரிட்டனின் லாய்ட்ஸ் வங்கிக்கு 2011 மார்ச்சில் தலைமைச் செயல் அதிகாரியாக வந்தார் அன்டோனியோ ஓர்ட்டா-ஒசோரியோ. வங்கி நெருக்கடியில் இருந்தது, எல்லாவற்றையும் தானே பார்த்தார். எட்டே மாதத்தில், நவம்பரில், தூக்கம் அறவே போய் மருத்துவ விடுப்பில் போனார். செய்தி வந்த அன்று வங்கியின் பங்கு விலை விழுந்தது. 2012 ஜனவரியில் திரும்பி வந்தபோது தனக்கு நேரடியாகப் பதில் சொல்லும் அதிகாரிகளின் எண்ணிக்கையைக் குறைத்து, பொறுப்புகளைப் பிரித்துக் கொடுத்தார். அதற்குப் பின் 2021 வரை அதே பதவியில் இருந்தார். அந்த இரண்டு மாதத்தை மட்டும் சிலர் உதாரணம் காட்டுகிறார்கள். ஆனால் மீதி ஒன்பது வருடத்தை அந்த இரண்டு மாதம் மட்டுமே கொடுத்திருக்காது.

நம் ஊர்க் கம்பெனிகளில் இன்னொரு தொல்லை. லீவில் இருப்பவருக்கு ஃபோன் போகும். "ஒரே ஒரு டவுட்டுங்க்கா, பழனிலதான இருக்கீங்க, ரெண்டு நிமிஷம்." அப்படிப்பட்ட பத்து நாளைவிட ஆபீஸிலேயே இருப்பது மேல், அங்கேயாவது ஃபைல் கையில் இருக்கும்.

ஆள் போடுவது

"கீழ ஒரு நல்ல அசிஸ்டென்ட் போட்டுக் குடுத்தா சரியாயிரும்." பல சமயம் இது நிஜமாகவே தேவை. ஒருவர் கையில் மூன்று பையர் இருந்த இடத்தில் ஆறு வந்துவிட்டால் எந்தப் பேச்சும் உதவாது, ஆள்தான் வேண்டும். ஆனால் முதல் மூன்று மாதத்தில் என்ன நடக்கும் என்பதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. புதியவரை நேர்காணல் செய்வது யார்? கருகியவர். வேலை சொல்லிக் கொடுப்பது யார்? அதே ஆள். புதியவர் செய்யும் தவறுக்குப் பையரிடம் மெயில் எழுதுவது யார்? அவரேதான். சுமை குறைவதற்கு முன் ஏறும். ஏற்கெனவே விளிம்பில் நிற்பவர் அந்த மூன்று மாதத்தைத் தாண்டாமலே ராஜினாமா எழுதிக் கொடுத்ததைப் பார்த்திருக்கிறேன்.

இன்னொன்று. புதியவருக்கு எந்த அதிகாரமும் தராமல் போட்டால், அவர் பத்துக் கேள்வியை மேலே கொண்டுவரும் ஆளாகத்தான் இருப்பார். லைட் பாக்ஸ் அறையில் நின்ற அந்த ஜூனியர் பையனுக்கு ஷேடு பார்க்கத் தெரியும். கையெழுத்துப் போடும் உரிமைதான் இல்லை. அங்கே இன்னொரு ஜூனியரைப் போட்டிருந்தால் அட்டையைத் தூக்கிக்கொண்டு இரண்டு பேர் நின்றிருப்பார்கள்.

இரவு ஃபோனை நிறுத்துவது

அந்த நான்கு வழிகளோடு, இடையில் இன்னொன்றையும் பார்த்துவிட வேண்டும். ஏற்றுமதிக்காரர்களுக்கு இதில் தனிச் சிக்கல். கோடையில் நமக்கு மாலை 6:30 ஆகும்போதுதான் நியூயார்க்கில் காலை 9. ஜெர்மனியில் அலுவலகம் முடியும் மாலை 6 என்பது நமக்கு இரவு 9:30. பையர் எழுந்திருக்கும்போது நாம் படுக்க வேண்டும். 2025 ஆகஸ்ட் 27 முதல் அமெரிக்கா 50 சதவீத வரி விதித்தபோது, இரவில் வந்த ஒவ்வொரு மெயிலும் ஆர்டர் ரத்தா, விலைக் குறைப்பா என்ற பயத்தோடுதான் திறக்கப்பட்டது. "இரவு 8-க்கு மேல் யாரும் பதில் சொல்லாதீர்கள்" என்று சுற்றறிக்கை விட்டால் முதலாளியே மறுநாள் இரவு அதை மீறுவார்.

ஃபோக்ஸ்வாகன் 2011-இல் ஜெர்மனியில் ஊழியர்களின் பிளாக்பெரிக்கு வேலை முடிந்த அரை மணி நேரத்துக்குப் பின் மெயில் போகாமல் நிறுத்தியதை எல்லோரும் புகழ்ந்தார்கள். அந்த ஏற்பாட்டில் மேல்நிலை நிர்வாகிகள் சேரவில்லை. இங்கேயும் அதே விலக்கு.

மேலாளர்களுக்குப் பொருந்துவது முறை வைத்துக்கொள்வதுதான். பாஸ்டன் கன்சல்டிங் குரூப்பில் ஹார்வர்ட் பேராசிரியர் லெஸ்லி பெர்லோ நடத்திய சோதனை 2009-இல் வெளியானது. ஒவ்வொரு ஆலோசகருக்கும் வாரத்தில் ஓர் இரவு முழு ஓய்வு, முன்பே குறித்த நாளில், வேலை எவ்வளவு இருந்தாலும். அதைச் சாத்தியமாக்க மற்றவர்கள் அவருடைய வேலையைத் தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டியிருந்தது. ஓய்வைவிட அந்தத் தெரிந்துவைத்தல்தான் வேலை முறையையே மாற்றியது. நம் மெர்ச்சண்டைசிங் டீமில் நான்கு பேர் இருந்தால் அமெரிக்க மெயிலை ஆளுக்கு ஓர் இரவு என்று பிரித்துக்கொள்ளலாம். நான் பார்த்தவற்றில் செலவே இல்லாமல் உடனே தொடங்கக்கூடியது இது ஒன்றுதான். ஆனால் இது களைப்பை மட்டுமே தொடும். பகல் முழுக்கத் தன் பேச்சுக்கு மதிப்பில்லாத இடத்தில் உட்கார்ந்திருப்பவருக்கு இரவு கொஞ்சம் தூங்கினால் பகல் மாறிவிடாது.

அதிகாரத்தைப் பிரித்து எழுதுவது

மாஸ்லாக்கும் மைக்கேல் லெய்ட்டரும் 1990-களில் கருகலின் மூலங்களை ஆறு இடங்களில் தேடச் சொன்னார்கள்: வேலைச் சுமை, தன் வேலையில் தன் பிடி, கிடைக்கும் பலனும் மரியாதையும், உடனிருக்கும் மனிதர்கள், நியாயம், தான் மதிப்பதும் கம்பெனி மதிப்பதும் ஒத்துப்போவது. நாம் எல்லோரும் முதல் ஒன்றை மட்டுமே பார்க்கிறோம். நான் பார்த்தவரை, குடும்ப நிர்வாகக் கம்பெனிகளில் மேலாளர்கள் கருகுவது பெரும்பாலும் இரண்டாவதில்தான். பொறுப்பு முழுக்க அவருடையது, முடிவு அவருடையது இல்லை.

ஷிப்மென்ட் தவறினால் விமானத்தில் அனுப்பும் செலவு கம்பெனி தலையில் விழும், திட்டு புரொடக்ஷன் மேனேஜருக்கு. ஆனால் அவசரத்துக்கு, தைத்துக் கொடுக்கும் பவர் டேபிள் கான்ட்ராக்டரிடம் பீஸுக்கு 50 பைசா கூட்டிக் கொடுத்து இரண்டு நாளில் முடித்துவிட அவருக்கு உரிமையில்லை. முதலாளி கோவையில் மீட்டிங்கில் இருப்பார், ஃபோன் எடுக்க மாட்டார். அந்த 50 பைசாவுக்காக ஒரு நாள் போகும். இது வாரத்துக்கு மூன்று முறை நடந்தால் அந்த மனிதர் ஆறு மாதத்தில் யோசிப்பதை விட்டுவிடுவார். அதன் பிறகு அவர் ஃபோன் செய்து காத்திருப்பவர் மட்டுமே.

செய்யும் முறை கஷ்டமில்லை. ஒவ்வொரு மேலாளரும் ஒரு வாரம் ஒரு சின்ன நோட்டில் தன்னிடம் வந்த முடிவுகளையும், தான் மேலே கேட்ட முடிவுகளையும் எழுத வேண்டும். நூல் வாங்கல், கூரியர், ஜாப் ஒர்க் ரேட் (வெளியே கொடுக்கும் வேலைக்கான கூலி), சாம்பிள் அனுமதி, லீவு, ரிப்பேர் எதுவானாலும் ஒரு வரி. இப்படிச் செய்த ஓர் இடத்தில் வார முடிவில் உட்கார்ந்து பார்த்தபோது, ஜி.எம். நோட்டில் இருந்தவற்றில் பாதிக்கும் மேல் வேறு யாராவது எடுத்திருக்க வேண்டியவை. அவருக்கே நம்ப முடியவில்லை. பிறகு ஒவ்வொன்றுக்கும் எல்லை எழுதினோம்: இந்தத் தொகை வரை இவர், அதற்கு மேல் அவர், இந்த ரக லேப் டிப் ஜூனியரே, புதிய பையர் என்றால் மட்டும் தலைவர்.

இதில் இரண்டு ஆபத்து. ஒன்று, ஏற்கெனவே களைத்தவரிடம் "இனி இதெல்லாம் நீங்களே முடிவு பண்ணுங்க" என்றால் அது கூடுதல் மூட்டை. அவர் கையிலிருந்து கீழே இறங்குவது முதலில், மேலேயிருந்து அவர் கைக்கு வருவது பிறகு. வரிசை மாறக் கூடாது. இரண்டாவது ஆபத்து மிகப் பெரியது: கொடுத்ததைத் திரும்பப் பிடுங்குவது. ஒரு கம்பெனியில் பட்டியல் எல்லாம் எழுதிக் கையெழுத்தும் போட்டாயிற்று. ஒன்பதாம் நாள் முதலாளி கட்டிங் பக்கம் நடந்துபோகும்போது, மேலாளர் முடிவு செய்திருந்த ஒரு ஜாப் ஒர்க் ரேட்டைத் தொழிலாளர்கள் முன்னாலேயே மாற்றிச் சொன்னார். நல்ல எண்ணத்தில்தான். மதியத்துக்குள் அந்த மேலாளரிடமிருந்து முதலாளிக்கு ஐந்து வாட்ஸ்அப் கேள்வி போயிருந்தது. பட்டியல் அன்றோடு செத்தது. முடிவு தவறாகவே இருந்தாலும், தனியே கூப்பிட்டுப் பேசி, அந்த ஒரு முறைக்கு அந்த முடிவையே நிற்க விடும் தைரியம் இல்லாதவர் இந்த வழியைத் தொடங்கவே வேண்டாம். ஆள் போட்டுக் கொடுங்கள், அது குறைந்த சேதம்.

எதை முதலில்

அடையாளத்தைப் பார்த்துத்தான் சொல்வேன். எரிச்சல், தலைவலி, மறதி, ஞாயிற்றுக்கிழமை முழுக்கத் தூக்கம், ஆனால் வேலையில் இன்னும் அக்கறை இருக்கிறது, சண்டை போடுகிறார் என்றால் அது களைப்பு. இரவு முறையும் ஆளும் உதவும். "எப்படியோ போகட்டும்" வந்துவிட்டால் எங்கே நியாயம் தவறியது என்று தேடுங்கள். யாருக்கோ கிடைத்த பாராட்டு, யாரோ ஒரு சொந்தக்காரரை அவர் தலைக்கு மேல் உட்கார வைத்தது, சொன்ன வார்த்தை காப்பாற்றப்படாதது, இப்படி ஏதாவது இருக்கும். அதை நேரில் பேசித் தீர்க்காமல் மற்றதெல்லாம் வீண். "நான் சொல்லி என்ன ஆகுது" என்றால் அதிகாரப் பட்டியல்.

அந்த மெர்ச்சண்டைசிங் தலைவரிடம் மூன்றும் கலந்திருந்தன. எங்கே தொடங்குவது என்று தெரியாதபோது எனக்கு நினைவுக்கு வந்தது வங்கிகளின் வழக்கம். ரிசர்வ் வங்கி 2021-இல் வெளியிட்ட விதியின்படி, முக்கியப் பொறுப்பில் இருக்கும் வங்கி ஊழியரை வருடத்துக்கு ஒருமுறை, முன்கூட்டிச் சொல்லாமல், குறைந்தது 10 வேலை நாள் தொடர்ச்சியாக விடுப்பில் அனுப்ப வேண்டும். அலுவலக மெயிலைத் தவிர வேலை சம்பந்தப்பட்ட எதையும் அவர் நேரிலோ கணினியிலோ தொடக் கூடாது. மோசடி இருந்தால் அவர் இல்லாத நாட்களில் வெளியே வரட்டும் என்பதற்கான விதி அது. ஒருவர் இல்லாதபோது எது வெளியே வருகிறது என்று பார்க்கும் அந்த யோசனையை நாங்கள் வேறு காரணத்துக்கு எடுத்துக்கொண்டோம். முன்கூட்டிச் சொல்லாமல் அனுப்புவதை விட்டுவிட்டோம். அது சந்தேகப்படுவதுபோல் ஆகிவிடும். மெயிலையும் சேர்த்து நிறுத்தினோம். ஃபோன் சிம்மைக் கம்பெனியிலேயே வாங்கி வைத்தோம். ஜூனியர் பையனிடம் ஒரு நோட்டைக் கொடுத்து, அவர் இல்லாததால் எது நின்றாலும் எழுது என்றோம்.

முதல் மூன்று நாள் பக்கம் பக்கமாக நிறைந்தது. நான்காம் நாள் வேகம் குறைந்தது. பத்து நாள் முடிந்து பார்த்தபோது கதை தெளிவாக இருந்தது. நின்றவை மூன்று ரகம்: ஒரு ஜெர்மன் பையரின் பழைய விலைக் கணக்கு அவர் தலைக்குள் மட்டுமே இருந்தது, டையிங் மாஸ்டர் அவர் சொன்னால் மட்டுமே மறு சாயம் போட்டுத் தருவார், சில கோப்புகளின் கடவுச்சொல் அவரிடம் மட்டும். நிற்காதவை அதைவிட நீளமான பட்டியல். தினமும் அவர் கையெழுத்துக்காக வரிசையில் நின்ற சாதாரண லேப் டிப்கள் எல்லாம் பையன் கையெழுத்தில் போயிருந்தன, ஒன்றுகூடப் பையரிடமிருந்து திரும்பவில்லை. பதினோராம் நாள் அவர் வந்தவுடன் அவரும் முதலாளியும் நானும் அந்த நோட்டை நடுவில் வைத்து உட்கார்ந்தோம். நிற்காதவை அனைத்தும் அன்றே பையன் பெயருக்கு மாறின. விலைக் கணக்கை எழுதி வைக்க இரண்டு வாரம் ஒதுக்கினோம். அப்போது அவர் முதலாளியைப் பார்த்து, "அந்த ஜெர்மன் பையருக்கு நான் போன வருசம் சொன்ன வெலைய நீங்க பாதியில மாத்திட்டீங்க சார், அதுக்கப்புறம் எனக்கு மனசே வரலைங்க" என்றார். பன்னிரண்டு வருடத்தில் அவர் அப்படிப் பேசி முதலாளி கேட்டதில்லை. கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. பிறகு முதலாளி, அந்த பையருக்கு இனி விலை அவர் சொல்வதுதான் என்று நோட்டின் கடைசிப் பக்கத்தில் தன் கையால் எழுதினார்.

விடுப்பு மட்டும் கொடுத்திருந்தால் மூன்று வாரத்தில் பழைய இடம். பட்டியல் மட்டும் எழுதியிருந்தால் அவர் வழக்கம்போல "சரிங்க சார்" என்று கையெழுத்துப் போட்டிருப்பார். பத்து நாள் விலகி நின்றதால்தான் அவருக்குத் தன் மேசை வெளியிலிருந்து தெரிந்தது, மற்றவர்களுக்கும் தெரிந்தது. அடுத்து ஜி.எம்., அவருக்குப் பின் குவாலிட்டி என்று முறை போட்டோம். ஒரே நேரத்தில் இரண்டு பேர் போகக் கூடாது, ஷிப்மென்ட் குவியும் மாதத்தில் யாரும் போகக் கூடாது.

முதலாளியின் பத்து நாள்தான் பாக்கி. அவர் முகத்திலும் அதே வெறுமை இருப்பதை அந்த அறையில் எல்லோரும் பார்த்திருந்தோம், யாரும் சொல்லவில்லை, ஜி.எம்.தான் ஒருநாள் சொன்னார். ஆடி பதினெட்டு முடிந்த மறுநாள் என்று காலண்டரில் வட்டம் போட்டிருக்கிறார். அவர் கையெழுத்து இல்லாமல் நகராத காகிதங்கள் எவை என்று அக்கவுண்ட்ஸில் இப்போதே ஒரு நோட்டு போட்டு எழுதத் தொடங்கிவிட்டார்கள்.